ஜிம்மி ராட்ஜர்ஸின் இசைத்தட்டுகள்

பழைய கிராமபோன் தட்டில் ஒரு பாட்டு ஏறக்குறைய மூன்று நிமிஷமே ஓடும். அச்சிறு பொழுதையும் இருமலினின்று மீட்டுப் பாட வேண்டியிருந்தவர் அமெரிக்க நாட்டுப்புறப் பாடகர் ஜிம்மி ராட்ஜர்ஸ் என்றறிந்த பின்னர், அவர் தட்டுகளை என்னால் முன்போலக் கேட்கக் கூடவில்லை.

மிஸிஸிப்பி மாகாணத்து மெரிடியன் ஊரினர்; ரயில்வே பிரேக்மன் வேலை பார்த்தவர். 1924இல் க்ஷயரோகங் கண்டது. 1927ஆம் வருஷம் ஆகஸ்டு 4ந் தேதி டென்னஸி மாகாணத்துப் பிரிஸ்டல் நகரில் விக்டர் கம்பெனிக்கு முதன்முதற் பாடினார். ஆறாண்டுகளுக்குள் நூற்றுக்கு மேற்பட்ட பாட்டுகள்! நோயை மறைத்தாரல்லர், 1931இல் அதனையே பாட்டாக்கித் தட்டிலேற்றினார். அதனை வேடிக்கையென்பாரும் உளர்; எனக்கோ அது துணிவாகவே தோன்றுகின்றது.

1933 மே மாதம் நியூயார்க்கில், ஒரு பாட்டிற்கும் மறு பாட்டிற்கும் இடையே கட்டிலிற் படுத்து இளைப்பாறி, எழுந்து பாடினார். 24ந் தேதி கடைசிப் பாட்டு முடிந்தது. 26ந் தேதி உயிர் நீங்கிற்று. அப்பொழுது அவருக்கு வயது 35.