வீங்கிய மண்ணீரலும் புது ஆறும்

இதயம் எந்தப் பக்கம் இருக்கிறது என்று கேட்டால் சின்னப் பிள்ளைகூடச் சொல்லிவிடும். மண்ணீரல் எந்தப் பக்கம் என்று கேட்டுப் பாருங்கள்... படித்தவர்களே முழிப்பார்கள்! ஸ்கேன் எடுத்துப் பார்த்த டாக்டர் "மண்ணீரல் கொஞ்சம் வீங்கியிருக்கு" என்று சொல்லும்போதுதான், அப்படி ஒன்று வயிற்றுக்குள் இருப்பதே பலருக்கு ஞாபகம் வரும்.

திருக்காட்டுப்பள்ளியில் ஒரு விவசாயி இருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். வயது ஐம்பது. குடமுருட்டிப் பாசனத்தில் நாலு மா நிலம். சாயங்காலமானால் ஒரு குவார்ட்டர், பல வருஷப் பழக்கம். கொஞ்ச நாளாக நாலு வாய் சாப்பிட்டாலே வயிறு நிறைந்துவிடுகிறது. பல் விளக்கினால் ஈறில் ரத்தம். டெஸ்ட் எடுத்தால் பிளேட்லெட் 70,000. இருக்க வேண்டியதோ குறைந்தது ஒன்றரை லட்சம்.

"டெங்குவாத்தான் இருக்கும்ணே, பப்பாளி எலச் சாறு குடிங்க" என்கிறான் பக்கத்து வீட்டுத் தம்பி. ஆனால் அவருக்குக் காய்ச்சலே வரவில்லையே! அப்புறம் பிளேட்லெட் எங்கே போனது?

பதில் மண்ணீரலில் இருக்கிறது.

மண்ணீரலின் வேலை என்ன?

இடது பக்கம், கடைசி விலா எலும்புகளுக்கு உள்ளே, இரைப்பைக்குப் பக்கத்தில் ஒளிந்திருக்கும் உறுப்பு இது. பெரியவர்களுக்குச் சுமார் 150 கிராம் எடை. சாதாரணமாகக் கைக்குத் தட்டுப்படாது. சிவப்பணுக்களின் ஆயுள் சுமார் 120 நாள். கிழடாகிப்போனவற்றைப் பிடித்து உடைத்து, அதிலுள்ள இரும்புச்சத்து திரும்பப் பயன்பட வழி செய்வது மண்ணீரல். கிருமிகளை வடிகட்டுவதும் அதன் வேலைதான். உடம்பிலுள்ள பிளேட்லெட்டுகளில் மூன்றில் ஒரு பங்கு எப்போதும் இதற்குள்தான் தங்கியிருக்கும்.

மண்ணீரலிலிருந்து வெளியேறும் ரத்தம் நேராக இதயத்துக்குப் போவதில்லை. போர்ட்டல் சிரை வழியாக முதலில் கல்லீரலுக்குப் போகிறது. சிக்கல் இங்கேதான். டெல்டாக்காரர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம்! கீழே மடை அடைபட்டால் மேலே வாய்க்கால் தளும்பும். கல்லீரல் சுருங்கித் தழும்பாகிப் போனால் (இதைத்தான் சிரோசிஸ் என்கிறார்கள்) ரத்தம் உள்ளே நுழைய முடியாமல் பின்னால் தேங்கும். மண்ணீரல் வீங்கும். வீங்கிய மண்ணீரல் 90 சதவீதம் வரை பிளேட்லெட்டுகளைத் தனக்குள் அடக்கிக்கொள்ளும். டெஸ்ட்டில் எண்ணிக்கை குறைந்துதானே தெரியும்? வீங்கிய மண்ணீரல் இரைப்பையை அழுத்துவதால்தான் நாலு வாயில் வயிறு நிறைகிறது.

ஆக, அந்த விவசாயிக்குப் பிரச்சினை கல்லீரலில் இருக்கலாம். மண்ணீரல் அதைக் காட்டிக்கொடுக்கிறது, அவ்வளவுதான்.

காய்ச்சல் கட்டி

அந்தக் காலத்தில் வீங்கிய மண்ணீரலைக் காய்ச்சல் கட்டி என்பார்கள். காரணம் பெரும்பாலும் மலேரியா. திரும்பத் திரும்பக் காய்ச்சல் வந்தவர்களுக்கு மண்ணீரல் பெருத்து, வயிற்றின் இடது பக்கம் கல் மாதிரி நிற்கும். 1840களில் வட இந்தியாவில் கால்வாய்ப் பகுதிகளை ஆராய்ந்த டெம்ஸ்டர் என்ற டாக்டர் ஒரு எளிய வழி கண்டுபிடித்தார். ஊர் ஊராகப் போய் வயிற்றைத் தொட்டுப் பார்ப்பது. நூறு பேரில் எத்தனை பேருக்கு மண்ணீரல் கைக்குத் தட்டுப்படுகிறதோ, அதுதான் அந்த ஊரின் மலேரியாக் கணக்கு. ரத்தம் எடுக்க வேண்டாம், மைக்ராஸ்கோப் வேண்டாம். பிற்காலத்தில் குழந்தைகளின் வயிற்றைப் பார்த்து எடுத்த இந்தக் கணக்கு உலகம் முழுக்கப் பரவியது.

இதே வீக்கம் அநியாயத்துக்கும் துணைபோனது. பெருத்த மண்ணீரல் ஒரு அடியில் கிழிந்துவிடும். ஆக்ராவில் ஃபுல்லர் என்ற ஆங்கிலேய வக்கீல் தன் குதிரைக்காரரை அடித்தார். மண்ணீரல் கிழிந்து அவர் இறந்துபோனார். வக்கீலுக்கு விதிக்கப்பட்டது 30 ரூபாய் அபராதம்! 1876-ல் வைஸ்ராய் லிட்டனே இந்தத் தீர்ப்பைக் கண்டித்து எழுதினார். ஒரு மனிதரின் நோய், அவரை அடித்தவருக்குச் சாக்காகிப் போனது.

புது ஆறு கொண்டுவந்தது

தஞ்சாவூர்ப் பக்கக் கதை இன்னும் சுவாரசியமானது. 1934 ஆகஸ்டில் மேட்டூர் அணை திறக்கப்பட்டது. திருக்காட்டுப்பள்ளிக்கு மேற்கே கல்லணையிலிருந்து ஒரு புதிய கால்வாய் பட்டுக்கோட்டைப் பக்கம் போனது. இன்றும் ஜனங்கள் அதைப் புது ஆறு என்றுதான் சொல்கிறார்கள். வானம் பார்த்த பூமிக்குக் காவிரித் தண்ணீர் வந்தது. கூடவே மலேரியாவும் வந்தது!

ராக்பெல்லர் அறக்கட்டளையைச் சேர்ந்த பால் ரஸ்ஸல் என்ற டாக்டர் 1930களின் பிற்பகுதியில் பட்டுக்கோட்டைப் பகுதியில் இதை ஆராய்ந்தார். பல நூற்றாண்டுகளாக நெல் விளையும் பழைய டெல்டாவில் இல்லாத மலேரியா இங்கே மட்டும் ஏன்? நெல்லையோ தண்ணீரையோ மட்டும் குற்றம் சொல்ல முடியாது, ஒழுங்கில்லாத பாசனம்தான் காரணம் என்றார் அவர். கசியும் வாய்க்கால், மண் வெட்டி எடுத்த பள்ளம், வடிகால் இல்லாத வயல்... எல்லாம் கொசுவுக்குத் தொட்டில்.

அவரும் டி. ராமச்சந்திர ராவும் இன்னொன்றையும் கவனித்தார்கள். அங்கே மலேரியாவைப் பரப்பிய கொசு, புதிதாக நட்ட வயலில் முட்டையிடும். பயிர் ஓரடி உயரம் வளர்ந்ததும் முட்டையிடுவதை நிறுத்திவிடும். தண்ணீருக்கு மேலே பறந்தபடியே முட்டை போடும் கொசு அது. நெருங்கி நிற்கும் பயிர் அதன் வழியை மறிக்கிறது!

சென்னையில் ஒரு ஊசி

எல்லா வீக்கமும் மலேரியா அல்ல என்பதும் தமிழ்நாட்டில்தான் தெளிவானது. 1903-ல் சென்னை அரசு பொது மருத்துவமனையில் வேலை பார்த்த சார்லஸ் டோனவன், நாள்பட்ட காய்ச்சலும் பெருத்த மண்ணீரலும் இருந்த நோயாளிகளை ஆராய்ந்தார். இறந்தவர்களின் மண்ணீரலிலும், பிறகு ஊசி குத்தி எடுத்த உயிருள்ள நோயாளியின் மண்ணீரலிலும் புதிய கிருமியைப் பார்த்தார். அதுதான் காலா அசார் என்ற கருங்காய்ச்சலின் கிருமி. லீஷ்மேன், டோனவன் இருவர் பெயரையும் சேர்த்து அதற்கு லீஷ்மேனியா டோனவனி என்று பெயர் வைத்தார் ரொனால்டு ராஸ்.

இன்று காரணம் வேறு

டிடிடி மருந்தும் 1953-ல் தொடங்கிய தேசிய மலேரியா கட்டுப்பாட்டுத் திட்டமும் வந்த பிறகு நிலைமை மாறிவிட்டது. இன்று மண்ணீரல் வீங்கினால் டாக்டர்கள் தேடும் பட்டியல் நீளமானது. குடி, ஹெபடைடிஸ் பி, சி, கொழுப்புக் கல்லீரல் ஆகியவற்றால் வரும் சிரோசிஸ், தலசீமியா போன்ற பரம்பரை ரத்த நோய்கள், ரத்தப் புற்றுநோய், டைபாய்டு... கல்லீரல் நன்றாக இருந்தும் போர்ட்டல் சிரை அடைபட்டு, சின்னக் குழந்தை திடீரென ரத்த வாந்தி எடுப்பதும் உண்டு.

அந்த விவசாயிக்கு வருவோம். அவர் பப்பாளிச் சாறு குடித்துவிட்டு வீட்டிலேயே இருந்தால் என்ன ஆகும்? கல்லீரலுக்குள் போக வழியில்லாத ரத்தம் உணவுக்குழாயின் சிரைகளில் ஏறி, அவை புடைத்து நிற்கும். ஒருநாள் உடைந்தால் ரத்த வாந்தி, அல்லது தார் மாதிரி கறுப்பு மலம். அந்த நேரத்தில் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே உயிர் போய்விடலாம். முன்பே தெரிந்தால் எண்டோஸ்கோப்பி மூலம் அந்தச் சிரைகளுக்கு ரப்பர் வளையம் போட்டுவிடலாம், மாத்திரை கொடுக்கலாம். குடியை அடியோடு நிறுத்தினால் கல்லீரல் ஓரளவு தேறவும் வாய்ப்புண்டு.

"வீங்கினதை வெட்டி எடுத்துட்டா என்ன?" என்று சிலர் கேட்பார்கள். சில நோய்களில் எடுக்கத்தான் செய்கிறார்கள். ஆனால் மண்ணீரல் போய்விட்டால் சில கிருமிகளை எதிர்க்கும் சக்தி ஆயுசுக்கும் குறையும். அதனால் தடுப்பூசிகள் போட வேண்டும்; சாதாரணக் காய்ச்சலுக்கும் உடனே டாக்டரிடம் ஓட வேண்டும். மடை அடைபட்டதற்கு வாய்க்காலைத் தூர்ப்பதா வைத்தியம்?

காய்ச்சல் இல்லாமல் பிளேட்லெட் குறைந்தால், இடது விலாவுக்குக் கீழே கனமாகத் தெரிந்தால், ஒரு வயிற்று ஸ்கேனும் கல்லீரல் டெஸ்ட்டும் எடுத்துவிடுங்கள். பிறந்த குழந்தைக்கு 24 மணி நேரத்துக்குள் ஹெபடைடிஸ் பி தடுப்பூசி போட்டார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பட்டுக்கோட்டையில் வீங்கிய மண்ணீரல் வாய்க்காலில் இருந்த கோளாறைச் சொன்னது. இந்த விவசாயிக்கு அது கல்லீரலில் இருக்கும் கோளாறைச் சொல்கிறது. காது கொடுத்துக் கேட்டால் அடுத்த போகமும் அவர் வயலில் இறங்கலாம்.