மீதி நாளைக்கு

கோரைப்பாய் நெய்யும் வீட்டில் பிறந்தவர் நாம். நூலால் பாவு கட்டி, நனைத்த கோரையை ஒவ்வொன்றாய் ஊடே செலுத்தி உம்மா நெய்துகொண்டிருப்பார்கள். பள்ளி விட்டு வந்ததும் அருகமர்ந்து கோரை எடுத்துக் கொடுப்பது நமக்கிட்ட பணி. அதற்குக் கூலி கதை. மஃரிபு பாங்கு ஒலித்ததும் கை நிற்கும், கதையும் நிற்கும். குப்பியிலிருந்து ஜின் பாதிதான் வெளிவந்திருக்கும். அதைப் பற்றி அவர்களுக்குக் கவலையில்லை. "மீதி நாளைக்கு, வாப்பா" என்று எழுந்துவிடுவார்கள். மறுநாள் கோரை எடுத்துக் கொடுக்க ஆள் தவறாது வந்து சேரும் என்பது அவர்கள் போட்ட கணக்கு. அது நமக்கு விளங்கப் பல்லாண்டுகள் ஆயின.

அக்கணக்கின் மூல வரைபடத்தைக் கல்லூரி நாள்களில் ஆயிரத்தோர் இரவுகளில் கண்டோம். கருங்காலிக் குதிரையையும் பித்தளை நகரத்தையும் அந்நூலின் விந்தைகளாகப் பலரும் எடுத்துரைப்பர். நம் நோக்கில் அதன் பெருமந்திரம் அதன் கட்டமைப்பே. நாளும் ஒரு பெண்ணை மணந்து விடியலில் கொல்விக்கும் மன்னன் ஷஹ்ரியார். அவனை மணக்கத் தானே முன்வந்த அமைச்சர் மகள் ஷஹ்ரஸாத். இரவில் தங்கை கதை கேட்கவேண்டும் என்பதைக்கூட அவள் முன்னரே வகுத்து வைக்கிறாள். கதையின் முடிவும் இரவின் முடிவும் ஒருங்கே வந்துவிடலாகாது. அவள் தறியில் கட்டிய பாவு அதுவே. பத்தாம் நூற்றாண்டில் பக்தாதில் நூற்பட்டியல் தொகுத்த இப்னு நதீம், இதன் பாரசீக முன்னோடியாகிய 'ஹஸார் அஃப்ஸான்' ஆயிரம் இரவுகளுக்கு நீண்டாலும் அதில் இருநூறுக்கும் குறைவான கதைகளே உள்ளன என்று குறிக்கிறார். அந்நூல் அவருக்குப் பிடிக்கவில்லை. சுவையற்றது என்றே தள்ளினார். ஆயினும் அவர் தந்த எண்ணிக்கை நமக்குப் பெரிதும் உதவுகிறது. இரவுகள் ஏன் மிகுதி, கதைகள் ஏன் குறைவு என்பதில்தானே அப்பெண்ணின் உயிர் இருக்கிறது?

அவள் சொல்லும் கதைகளுக்குள்ளும் இதே பாவுதான் ஓடுகிறது. பேரீச்சங்கொட்டையை வீசியெறிந்து, கண்ணுக்குப் புலப்படாத ஜின்னின் மகனைக் கொன்றுவிடுகிறான் ஒரு வணிகன். கடன்களைத் தீர்த்துவர ஓராண்டுத் தவணை பெற்றுச் சென்றவன், சொன்ன நாளில் திரும்பி வந்து அமர்ந்திருக்கிறான். வழியே வந்த முதியவர் மூவர் ஆளுக்கொரு கதை சொல்ல, ஒவ்வொரு கதைக்கும் அவ்வணிகனின் குருதியில் மூன்றிலொரு பங்கை ஜின் விட்டுக்கொடுக்கிறது. கதைக்கு இப்படியொரு விலை வேறெந்த நூலிலும் குறிக்கப்பட்டதை நாம் கண்டதில்லை.

கூனன் கதையோ இன்னும் ஆழமான நெசவு. மீன்முள் தொண்டையில் சிக்கிச் சாய்ந்த கூனனைப் பிணமென்றே எண்ணி ஒருவர் வாயிலில் ஒருவர் கொண்டுபோய்ப் போடுகின்றனர். வழக்கு சீன மன்னனிடம் செல்கிறது. ஷஹ்ரஸாத் சொல்ல, அவள் கதையில் தையற்காரன் சொல்ல, அவன் கதையில் வரும் நாவிதன் தன் உடன்பிறந்தார் அறுவரின் கதைகளையும் சொல்லித் தீர்க்கிறான். இத்தனைக்கும் கூனன் அங்கேயே கிடக்கிறான். இறுதியில் அதே நாவிதன் நேரில் வந்து முள்ளை எடுக்க, கூனன் தும்மி எழுகிறான். கதைகள் ஓடிய பொழுதெல்லாம் அவனுடைய காலம் மட்டும் நின்றிருந்தது போலும்!

உம்மா நோயுற்று மருத்துவமனையில் கிடந்த இறுதி வாரத்தில், ஓரிரவு நாமே கதை கேட்டோம். தொட்டி நீரில் தலையை அமிழ்த்திய அரசன் கதையைத் தொடங்கினார்கள். தலையை அமிழ்த்திய கணத்தில் அவன் அயலூர்க் கடற்கரையில் நிற்கிறான், மணம் புரிகிறான், மக்களைப் பெறுகிறான், செல்வம் கரைந்து மூட்டை சுமக்கிறான். ஒருநாள் குளிப்பதற்காகச் சட்டையைக் கழற்றிக் கடலில் இறங்குகிறான். அவ்விடத்தில் உம்மாவுக்கு மூச்சு வாங்கியது. "மீதி நாளைக்கு" என்றார்கள். மறுநாள் அவர்களுக்குப் பேச்சில்லை. அதற்கு மறுநாள் அவர்களே இல்லை.

அந்த மீதியைத் தேடினோம். துருக்கியின் 'நாற்பது அமைச்சர்' கதைக்கொத்தில் அது அகப்பட்டது. மிஃராஜ் பயணம் கணப்பொழுதில் நிகழ்ந்ததை ஐயுற்ற எகிப்து மன்னனுக்கு ஒரு ஞானி காட்டிய அற்புதம் அது. ஆங்கிலக் கட்டுரையாளர் அடிசனும் 1711ஆம் ஆண்டில் 'ஸ்பெக்டேட்டர்' இதழில் இதை எடுத்தாண்டிருக்கிறார். கடலில் மூழ்கியவன் தலையை உயர்த்துகிறான். அரண்மனையில் தொட்டியருகே நிற்கிறான். ஒரு கணமே கழிந்திருக்கிறது. படித்து முடித்தபோது நமக்கு நிறைவு தோன்றவில்லை. பெற்ற மக்கள் என்ன ஆயினர்?

இந்தத் தேடலில் வேறொன்றும் அறிந்தோம். ஆயிரத்தோர் இரவுகளின் பழம்பிரதிகளுள் தலையாயது பாரிஸ் நூலகத்திலுள்ள சிரியக் கையெழுத்துப்படி. பிரெஞ்சு அறிஞர் காலாந்து 1704 முதல் வெளியிட்ட மொழிபெயர்ப்புக்கு அடிப்படை அதுவே. முஹ்ஸின் மஹ்தி 1984இல் அதனைச் செம்பதிப்பாக்கினார். அப்படியில் இருப்பவை 282 இரவுகளே. கமருஸ்ஸமான் கதை நடுவில் அறுந்து நிற்கிறது. ஷஹ்ரஸாத் பிழைத்தாளா என்பது அதில் இல்லை. மன்னன் மனந்திரும்பிய முடிவெல்லாம் பிற்காலப் படிகள் தருவது.

ஊருக்குச் சென்றிருந்தபோது சாச்சியிடம் இதைச் சொன்னோம். கோரையைக் கிழித்துக்கொண்டே கேட்டிருந்தவர்கள் சிரித்தார்கள்.

"அந்தக் கதையா? உங்க உம்மா அதை ஒரே மாதிரி முடிச்சதே இல்ல. ஒரு தடவை ராசா தலையைத் தூக்கிருவாரு. இன்னொரு தடவை, புள்ளைங்க பசியோட இருக்குமேன்னு ஈரத் துணியோட மூட்டை தூக்கப் போயிருவாரு. உனக்கு எதை வச்சிருந்தாங்களோ, வாப்பா."