ஏட்டுச் சுரங்கம்

ஜெயங்கொண்டத்தில் பஸ்ஸை விட்டு இறங்கியதும் ஊர் திரும்பியவரின் மூக்கு தேடியது வறுத்த முந்திரி வாசனையைத்தான். கட்டட வேலைக்கென்று சிங்கப்பூர் போய் 26 ஆண்டுகள். கிளம்பிய நாளில் ஊரெங்கும் ஒரே பேச்சு: மண்ணுக்கடியில் பழுப்பு நிலக்கரி இருக்கிறது, சுரங்கம் வரும், அனல்மின் நிலையம் வரும், வீட்டுக்கு ஒரு வேலை நிச்சயம். ஜனங்கள் நம்பியதில் தப்பே இல்லை. 1961-ல் நிலக்கரி தட்டுப்பட்ட நெய்வேலி ஒரு நகரமாகவே எழுந்ததைக் கண்ணால் பார்த்தவர்கள் அவர்கள்.

1990-களின் பிற்பகுதியில் அந்தச் சுரங்கத்துக்கென்று, அரசின் தொழில் வளர்ச்சிக் கழகமான டிட்கோவுக்காக 13 கிராமங்களில் 8,000 ஏக்கருக்கு மேல் நில எடுப்பு தொடங்கியது. இழப்பீடு போதாதென்று விவசாயிகள் கோர்ட்டுக்குப் போனார்கள். ஒரு டன் நிலக்கரிகூட வெட்டப்படவில்லை.

பூர்வீக வீட்டின் நாட்டு ஓடு பாதி சரிந்து கிடந்தது. நிலைப்படியில் அப்பா ஆசையாகச் செதுக்க வைத்த அன்னத்தின் தலையைக் கரையான் தின்றிருந்தது. அடுப்படியில் ஆளுயர வேப்பங்கன்று.

"எடுக்கப்போற வீட்டுக்கு எதுக்கு தம்பி சுண்ணாம்பு?" என்றார் சித்தப்பா. "பேங்க்ல கடன் கேட்டா, எடுப்புல இருக்கிற நிலம்னு திருப்பி அனுப்பிட்டாங்க. பொண்ணு கல்யாணத்துக்கு அரை ஏக்கர் விக்கலாம்னா வாங்க ஆளில்ல."

சித்தப்பா போர் போடவில்லை, புதுக் கன்றும் வைக்கவில்லை. ஒட்டு முந்திரி மூன்றாம் ஆண்டே காய்க்கத் தொடங்கும். கால் நூற்றாண்டில் எத்தனை வெள்ளாமை போயிருக்கும்! எந்த இழப்பீட்டுக் கணக்கிலும் அது ஏறவில்லை.

பெரம்பலூர்ப் பக்கம் திருமாந்துறையிலும் இதே துயரம்தான். சிறப்புப் பொருளாதார மண்டலத்துக்கென்று 2007 வாக்கில் வாங்கத் தொடங்கிய ஏறத்தாழ 3,000 ஏக்கர் ஆண்டுக்கணக்கில் கருவேலம் மண்டிக் கிடந்தது.

ஜெயங்கொண்டம் சுரங்கத் திட்டத்தைக் கைவிட்டு நிலத்தை உரியவர்களுக்கே திருப்பித் தர 2022-ல் அரசு முடிவெடுத்தது. 2024 நவம்பர் 15 அன்று பக்கத்து மகிமைபுரம் சிப்காட் தொழிற்பூங்காவில் தைவான் காலணி ஆலைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. பக்கத்து வீட்டுப் பெண் அந்த வேலைக்காகக் காத்திருக்கிறாள். அதைக் கேட்டு அவருக்கு மனம் நிறைந்தது.

சித்தப்பாவுக்கு வயது 78. தன் பெயரில் வில்லங்கமில்லாத பட்டாவை ஒரு தடவை கையில் வாங்கிப் பார்க்க வேண்டும் என்கிறார். அந்த 13 ஊர்களில் யார் வீட்டில் பட்டா பாக்கி இருந்தாலும், அதிகாரிகள் ஊருக்கே வந்து முகாம் போட்டுக் கொடுக்கட்டும். காத்திருந்தவர்களை இனியும் அலைய விடாதீர்கள்.