லிவர்பூல் டு அம்பகரத்தூர்!

அம்பகரத்தூர்னு ஒரு ஊர், கேள்விப்பட்டிருக்கீங்களா? திருநள்ளாறு தெரியும். சனிப்பெயர்ச்சிக்கு உங்க வீட்டுலயும் வேன் பிடிச்சுப் போயிருப்பாங்க. அதே ரோட்டில் மேற்கே கொஞ்ச தூரம் போனால், தூக்கக் கலக்கத்தில் நீங்கள் கடந்து போகிற ஊர்தான் அது. காரைக்காலிலிருந்து பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். இந்தப் பக்கம் புதுச்சேரி யூனியன், கொஞ்சம் தள்ளினால் தமிழ்நாடு. எல்லையைத் தாண்டினால் பெட்ரோல் விலை மாறும். வேற ஒரு ஐட்டத்தின் விலையும் மாறும். (நான் பெட்ரோலை மட்டும்தான் விசாரிச்சேன், எடிட்டர் சார்!)

அது எங்க அம்மாச்சி ஊர். 2025 மே மாசம், செமஸ்டர் லீவுக்குப் போயிருந்தேன். கையில் ஹாஸ்டல் சீனியர் ஒருத்தர் கொடுத்த டிவிடி செட். 'தி ஒனீடின் லைன்'. பி.பி.சி.யில் 1971-லிருந்து 1980 வரை ஓடின சீரியல். நம்ம அப்பா அம்மா காலத்து சரக்குன்னு அலட்சியமா நினைச்சுடாதீங்க பாஸ்... செம விறுவிறுப்பு!

கதை இதுதான். 1860, லிவர்பூல். ஜேம்ஸ் ஒனீடின்னு ஒரு கப்பல் கேப்டன், கேலன் என்கிற பெரிய முதலாளியிடம் வேலை பார்க்கிறான். வேலையை உதறிவிட்டு சொந்தமாகக் கப்பல் ஓட்டக் கிளம்புகிறான். கையில் காசு? நஹி! 'சார்லட் ரோட்ஸ்'னு பழைய பாய்மரக் கப்பல் வைத்திருக்கும் ஒரு கிழவரின் மகளைக் கல்யாணம் பண்ணிக்கொள்கிறான். பொண்ணுக்காக இல்லை, கப்பலுக்காக! நம்ம ஊர் வரதட்சணையை மிஞ்சிட்டாங்கல்ல? அப்புறம் முதலாளிக்கும் பழைய வேலைக்காரனுக்கும் சரக்கு பிடிக்கிற சண்டை. பலசரக்குக் கடை அண்ணன், பெரிய மனுஷி ஆகத் துடிக்கும் அண்ணி, நீராவிக் கப்பல் டிசைன் பண்ணும் ஆல்பர்ட் ஃப்ரேசர்... மெக்கானிக்கல் படிக்கும் எனக்கு இந்த ஆல்பர்ட்தான் ஹீரோ.

திண்ணையில் லேப்டாப்பை வைத்து ஓட்டிக்கொண்டிருந்தேன். முறத்தில் உளுந்து புடைத்துக்கொண்டே அம்மாச்சியும் பார்த்தார். ஒரு வார்த்தை இங்கிலீஷ் புரியாது. அரை மணி நேரம் கழித்துக் கேட்டார்.

"ஏன்டா தம்பி, கப்பல்ல மூட்டை ஏத்துறத காட்டுறான், மொதலாளி சண்ட போடுறத காட்டுறான். ஆளுங்கள ஏத்துனத எப்ப காட்டுவான்?"

"எந்த ஆளுங்க?"

"எங்க பூட்டனாரோட தம்பி மாதிரி ஆளுங்க."

இருபது வருஷமாக இந்தக் குடும்பத்தில் இருக்கிறேன், இந்த மேட்டர் எனக்குத் தெரியாது! காரைக்காலில் கப்பலுக்கு ஆள் எடுக்கிறாங்கன்னு கேள்விப்பட்டு, கட்டுச்சோற்றோடு நடந்தே போனாராம். திரும்பி வரவில்லை. அவ்வளவுதான் கதை. பேர்கூட யாருக்கும் ஞாபகமில்லை. 'கப்பக்காரர்'னுதான் சொல்லுவார்களாம்.

லேப்டாப்பை மூடிவிட்டேன். நம்ம வீட்டு எபிசோடு ஓடும்போது லிவர்பூல் எதுக்கு?

இந்தக் கடற்கரையே ஒரு பிசினஸ் சண்டைக் களம்தான் ஃப்ரெண்ட்ஸ். 1620-ல் தரங்கம்பாடியில் டேனிஷ்காரர்கள். 1658-ல் நாகப்பட்டினத்தைப் பிடித்தது டச்சுக் கம்பெனி. 1739-ல் ரெண்டுக்கும் நடுவில் காரைக்காலில் வந்து உட்கார்ந்தது பிரெஞ்சுக் கம்பெனி. 1781-ல் நாகப்பட்டினத்தை டச்சுக்காரர்களிடமிருந்து பிரிட்டிஷ் தட்டிப் பறித்தது. பைக்கில் ஒரு மணி நேரத்தில் முடிகிற தூரத்தில் இத்தனை போட்டி!

பிரெஞ்சுக்காரர்கள் 1848-ல் தங்கள் தீவுகளில் அடிமை முறையை ஒழித்தார்கள். கரும்புத் தோட்டம் மட்டும் ஒழியவில்லையே, வெட்ட ஆள் வேணுமே? 1853-ல் 'ஓரெலி' என்ற கப்பல் மார்த்தினிக் தீவில் இந்தியக் கூலிகளைக் கொண்டுபோய் இறக்கியது. அடுத்த வருஷமே குவாதலூப். காரைக்காலைச் சுற்றியுள்ள மற்ற ஊர்களெல்லாம் பிரிட்டிஷ் மண். அங்கே ஆள் பிடிக்க பிரிட்டிஷ் சம்மதம் வேண்டும். 1860, 1861-ல் ரெண்டு அரசும் ஒப்பந்தம் போட்டன. சீரியல் தொடங்குகிற அதே 1860! சரக்குக்கு அடித்துக்கொண்டவர்கள், ஆள் ஏற்றுமதியில் கை குலுக்கிக்கொண்டார்கள். பாண்டிச்சேரி, காரைக்கால் ரெண்டும் கூலிக் கப்பல் கிளம்பும் துறைமுகங்கள் ஆயின. ஐந்து வருஷ ஒப்பந்தம். 1880-களில் பிரிட்டிஷ் தடை போடும்வரை நடந்தது.

ஐந்து வருஷம்னு படித்ததும் எனக்கு எங்க சீனியர்களின் 'பாண்டு' ஞாபகம் வந்தது. ரெண்டு வருஷத்துக்குள் வேலையை விட்டால் பணம் கட்டணும்னு ஒரு கம்பெனி கையெழுத்து வாங்குகிறது. "நாங்களும் கூலிதான் மச்சி"ன்னு மெஸ்ஸில் டயலாக் விடுவோம். கப்பக்காரர் கதையைக் கேட்ட பிறகு அந்த ஜோக் எனக்குக் கொஞ்சம் கூச்சமாகிவிட்டது.

சாயங்காலம் அம்மாச்சியோடு பத்ரகாளியம்மன் கோயிலுக்குப் போனேன். அம்பரன் என்ற அசுரனை வதைத்த காளி, அதனால்தான் ஊருக்கு இந்தப் பேருன்னு கோயில் கதை. காளி கும்பிட்ட ஜனங்கள் கப்பலேறினார்கள், கூடவே காளியும் ஏறினாள். ரீயூனியன் தீவில் அவள் பேர் 'கார்லி'. அங்கே தமிழ் வம்சாவளியினரை 'மலபார்'னு கூப்பிடுகிறார்கள். தமிழ் பேச்சு போய்விட்டது, தீமிதி போகவில்லை. பிராகாரத்தில் நிற்கும்போது ஒண்ணு தோணிச்சு. கப்பக்காரரின் எள்ளுப்பேரன், என் வயசுப் பையன், ஏதோ ஒரு தீவில் இதே நேரம் கற்பூரம் ஏற்றிக்கொண்டிருக்கலாம். நான் பேசினால் அவனுக்குப் புரியாது, அவன் பேசினால் எனக்கு சப்டைட்டில் வேணும்.

சரி, கேலனை எதிர்த்த ஒனீடின் மாதிரி நம்ம ஆளு யாரும் இல்லையான்னு கேட்கறீங்களா? ஏன் இல்லை! தூத்துக்குடி வ.உ.சி. 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனி. மூலதனம் பத்து லட்சம், பங்கு ஒண்ணு இருபத்தைந்து ரூபாய். 'காலியா', 'லாவோ'ன்னு ரெண்டு கப்பல். தூத்துக்குடி-கொழும்பு ரூட்டில் பிரிட்டிஷ் இந்தியா கம்பெனி கட்டணத்தைக் குறைத்துக்கொண்டே போய், கடைசியில் டிக்கெட் ஃப்ரீ, கூட ஒரு குடையும் ஃப்ரீன்னு அறிவித்தது. இன்னைக்கு மொபைல் கம்பெனிகள் காட்டும் வித்தையெல்லாம் அப்பவே வந்தாச்சு! ஆனால் சீரியலில் கேலனிடம் பணம் மட்டும்தான் இருந்தது. வ.உ.சி.யின் எதிரிக்குப் பின்னால் அரசாங்கமே இருந்தது. 1908-ல் ஜெயில். 1911-ல் கம்பெனி காலி. என்னைக் கேட்டால் ஒனீடினை விட இதுதான் பத்து சீசன் எடுக்க வேண்டிய கதை.

அம்பகரத்தூருக்கு வருவோம். ரயில்லயும் இதே போட்டிதான். பிரிட்டிஷ்காரர்கள் 1860-களின் தொடக்கத்திலேயே நாகப்பட்டினத்திலிருந்து திருச்சிக்கு ரயில் விட்டுவிட்டார்கள். டெல்டா நெல் மூட்டைக்கு ஒரு ராஜபாட்டை! காரைக்காலுக்கு ரயில் வந்தது 1898-ல்தான். பேரளத்திலிருந்து அம்பகரத்தூர், திருநள்ளாறு வழியாக மீட்டர் கேஜ். போட்டது பிரெஞ்சு அரசின் பணம், ஓட்டியது பிரிட்டிஷ் கம்பெனியான சவுத் இந்தியன் ரயில்வே. போட்டியாளரிடமே சாவியைக் கொடுத்த பிசினஸ்! 1987-ல் அந்த ரயில் நின்றது. தண்டவாளத்தையும் பெயர்த்துவிட்டார்கள்.

இப்போ காரைக்கால் பக்கம் வாஞ்சூரில் 2009-லிருந்து தனியார் துறைமுகம். முதலில் நடத்திய நிறுவனம் கடனில் சிக்க, திவால் நடவடிக்கையில் அதானி குழுமம் 2023-ல் 1,485 கோடிக்கு வாங்கியது. அங்கே முக்கியச் சரக்கு நிலக்கரி. பேரளம் லைனும் அகலப்பாதையாகத் திரும்ப வந்துவிட்டது. நான் போயிருந்த அந்த மே மாசத்தில்தான் சோதனை ஓட்டம்.

அம்மாச்சியைக் கூட்டிக்கொண்டு பார்க்கப் போனேன். சின்ன வயசில் இதே ஊரிலிருந்து மூணாங்கிளாஸில் காரைக்கால் போனவர் அவர். வயல் ஓரம் நல்ல கூட்டம். எல்லார் கையிலும் செல்போன், வீடியோ எடுக்க ரெடி. தூரத்தில் ஹாரன் கேட்டது. சர்ர்ருன்னு வந்து, நிற்காமல் போயே போச்சு.

"இதுல மூணாங்கிளாசு இருக்காடா?"

"அதையெல்லாம் 1974-லயே எடுத்துட்டாங்க அம்மாச்சி."

"எடுத்துட்டா, அதுல போனவங்கள்லாம் எதுல போறாங்க?"

"அன்ரிசர்வ்டுல."

அம்மாச்சி சிரித்தார். புழுதி அடங்கியதும் டவுன் பஸ் பிடிக்க மெயின் ரோட்டுக்கு நடந்தோம்.