நாலு விரற்கடை

எங்கள் தாத்தா யாரைப் பார்த்தாலும் முதலில் உயரத்தைத்தான் பார்ப்பார். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோவில் செட் போட்ட ஆசாரிகளில் ஒருவர் அவர். விருந்தாளி வாசல் நிலையைத் தாண்டுவதற்குள் ‘அஞ்சேகால் அடி’ என்று வாய்க்குள் முனகிவிடுவார். அத்தையைப் பெண் பார்க்க வந்தவரைக்கூட விட்டுவைக்கவில்லை.

எழுபதுகளின் கடைசி. நான் மூன்றாம் வகுப்பு. ஞாயிற்றுக்கிழமை காலையில் திண்ணையில் உட்கார்ந்து உளி தீட்டுவார். நான் தீட்டுக்கல்லில் தண்ணீர் தெளிக்க வேண்டும். அதற்குக் கூலியாக ‘காடு’ படக் கதை. மாடர்ன் தியேட்டர்ஸ் முதலாளி டி.ஆர். சுந்தரம் அமெரிக்கக் கம்பெனியோடு கூட்டுச் சேர்ந்து எடுத்து, 1952இல் வந்த படம். ஆங்கிலத்தில் ‘தி ஜங்கிள்’. காட்டு யானைகள் மிரண்டு ஊருக்குள் ஓடிவரும். காரணம் தேடிப் போனால், உள்காட்டில் சடைசடையாக மயிர் தொங்கும் ஆதிகாலத்து யானைகள்!

“எல்லாம் சாதா யானைதாண்டா கண்ணு. மேல மயிரப் போத்தி, தந்தத்த நீட்டி விட்டுட்டாங்க” என்று சொல்லும்போதே தாத்தாவுக்குச் சிரிப்பு பீறிடும். உளி கல்லிலேயே நின்றுவிடும்.

எனக்கு யானையைவிட இளவரசிதான் முக்கியம். இந்திய இளவரசியாக நடித்தவர் மேரி வின்ட்சர் என்ற அமெரிக்க நடிகை. தாத்தா வாயில் ‘விஞ்சரம்மா’.

“அழகா இருந்துச்சா தாத்தா?”

“நான் போட்ட நிலை ஆறடி. அதுல நுழைஞ்சு வந்துச்சு. தலைக்கு மேல நாலு விரக்கடைதான் மிச்சம். தட்டச் செருப்பு வேற.”

எத்தனை முறை கேட்டாலும் இதே பதில்தான். ஏற்காடு பஸ் ஸ்டுடியோ வளைவைக் கடக்கும்போதெல்லாம், அதற்குள்ளிருந்து நெடுநெடுவென்று ஓர் இளவரசி குனிந்து வெளியே வருவாளென்று ஜன்னலில் முகம் பதித்துப் பார்ப்பேன்.

தாத்தா போய் வெகுநாள் கழித்து, ஸ்டான்லி குப்ரிக்கின் ‘தி கில்லிங்’ படத்தில் மேரி வின்ட்சரைப் பார்த்தேன். 1956இல் வந்தது. குதிரைப் பந்தய மைதானத்தில் காசாளராக இருக்கும் ஒரு குள்ளமான, பாவப்பட்ட மனிதனின் மனைவி. கணவனிடம் கொஞ்சியும் குத்தியும் கொள்ளைத் திட்டத்தைக் கறந்துவிடுகிறாள். கணவனாக நடித்த எலிஷா குக் நிமிர்ந்து பார்க்க, இவர் குனிந்து பார்க்கிற அந்தப் பார்வையிலேயே அந்தக் குடித்தனத்தின் கதை முழுவதும் இருந்தது.

அதன்பின் தேடித் தேடிப் படித்தேன். யூட்டா மாநிலத்து மேரிஸ்வேல் என்ற சிற்றூரில் 1919இல் பிறந்தவர். உயரம்தான் அவருக்கு எதிரி. நாயகனை மிஞ்சி நிற்பவளுக்கு யார் ஜோடி கொடுப்பார்கள்? ‘ஃபோர்ஸ் ஆஃப் ஈவில்’ படத்தில் ஜான் கார்ஃபீல்டு பெட்டி மேல் ஏறி நின்று நடித்தாராம். பெரிய பட நாயகி வாய்ப்புகள் நழுவ, குறைந்த செலவுப் படங்களின் ராணியானார். பிறகு ‘மேவரிக்’, ‘பெர்ரி மேசன்’ என்று டி.வி. தொடர்கள். வந்த வேடத்தை மறுக்காத கை.

1979இல் ‘சேலம்ஸ் லாட்’ என்ற ரத்தக்காட்டேரித் தொடரில் விடுதிக்கார அம்மாவாக வருகிறார். எலிஷா குக்கும் உண்டு. எங்கள் சேலத்துத் திண்ணையில் தாத்தா விஞ்சரம்மா கதை சொல்லிக்கொண்டிருந்த அதே நாட்களில், அவர் இன்னொரு சேலத்தில் அறை வாடகைக்கு விட்டுக்கொண்டிருந்திருக்கிறார்!

அவருடைய உயரம் ஐந்தடி ஒன்பது அங்குலம் என்று படித்த அன்று, மேஜை விளிம்பில் விரல்களைச் சேர்த்து வைத்துக் கணக்குப் போட்டேன். ஒரு விரற்கடை முக்கால் அங்குலம். நாலு விரற்கடைக்கு மூன்று அங்குலம். ஆறடியில் மூன்று அங்குலம் போனால்?

தாத்தா இருந்திருந்தால் தலை நிமிராமல், “பின்ன?” என்று மட்டும் கேட்டிருப்பார்.