பேசாத எல்கர்

திரைப்பட இயக்குநர், ஓவியர், நாவலாசிரியர் முதலிய கலைஞர்களை மக்களுக்கு அறிமுகப்படுத்திய 'மானிட்டர்' என்னும் நிகழ்ச்சியைப் பி.பி.சி. தொலைக்காட்சி 1958 முதல் 1965 வரை ஒளிபரப்பியது. இசைமேதை எல்கரைப் பற்றிக் கென் ரஸ்ஸல் இயக்கிய படம், அதன் 100ஆவது நிகழ்ச்சியாக 1962 நவம்பரில் வெளிவந்தது.

அண்மையில் அதனைக் கண்டோம். சிறுவன் எல்கர் வெள்ளைக் குதிரைக்குட்டி மீதேறி மால்வர்ன் குன்றுகளில் விரைகிறான். வாலிபராகிறார், முதியவராகிறார். ஆயினும் எல்கராக நடிப்போர் எவர் குரலும் கேட்பதில்லை. மறைந்தவர் வாயில் நடிகர் மூலம் சொல்லை வைக்கலாகாது என்பது நிகழ்ச்சி ஆசிரியர் ஹியூ வெல்டன் வகுத்த வரம்பு. வரலாற்றை அவரே பின்னணியில் கூறுகிறார்.

இவ்வடக்கம் நம் மனத்தைச் சுட்டது. 13ஆம் நூற்றாண்டின் இப்னு கல்லிக்கான், இறந்த ஆண்டு தெரிந்தவர்களையே தம் சரிதைத் தொகுப்பில் சேர்ப்பதென வரம்பு கட்டிக்கொண்டார் என்று மாணவர்க்குப் பாடம் சொல்பவர் நாம். அப்படியிருந்தும், நம் உஸ்தாதின் நினைவுக் கூட்டத்தில், கேட்போர் கண் கலங்க வேண்டுமென்ற ஆசையால், அவர்கள் சொல்லாத வாசகமொன்றைச் சொன்னதாகக் கூறிவிட்டோம். கூட்டமும் கலங்கியது. "வாப்பா இதை எப்போது சொன்னார்கள், ஹஜ்ரத்?" என்று அவர்களின் மகனார் ஆவலுடன் கேட்டார். மழுப்பினோம்.

அவ்வாசகம் இன்று அவர் வீட்டுச் சுவரில் சட்டமிட்டுத் தொங்குகிறது. இக்கட்டுரை அச்சேறுமுன் அவ்வீட்டுப் படியேறி உண்மையைச் சொல்லிவிட எண்ணியுள்ளோம்.