முத்து யாருக்குப் போச்சு?

ஆண்டு மலர் என்றால் கவிதை, கடி ஜோக், 'மறக்க முடியாத டூர்' என்றுதான் எதிர்பார்ப்பீர்கள். நான் கொஞ்சம் கணக்கும் கொஞ்சம் சரித்திரமும் பேசப் போகிறேன். பக்கத்தைப் புரட்டிடாதீங்க. கடைசி பெஞ்சுக்காரர்களுக்கும் சேர்த்துத்தான் எழுதுகிறேன்.

முதலில் கணக்கு. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் கிறிஸ்தவர்கள் 6.12 சதவீதம், முஸ்லிம்கள் 5.86 சதவீதம். ஏறக்குறைய சமம். இந்தியா முழுக்க எடுத்தால் முஸ்லிம்கள் 14.2 சதவீதம், கிறிஸ்தவர்கள் 2.3 சதவீதம்தான். உலகம் முழுக்க எடுத்தாலோ, முதல் இரண்டு பெரிய மதங்களே இந்த ரெண்டும்தான்! உலகத்திலேயே பெரிய ரெண்டு பேரும் நம்ம ஊரில் சின்ன ரெண்டு பேர். வேடிக்கையாக இல்லை?

நான் கிறிஸ்தவன். திருச்செந்தூர்ப் பக்கம் கடலோரத்தில் ஒரு பரதவர் குடும்பம். தினமும் திருச்செந்தூரில் தூத்துக்குடி பஸ் ஏறுகிறேன். முருகன் கோயில் வாசலில் ஏறும்போது நான் சிறுபான்மை. அடுத்து வீரபாண்டியன்பட்டினம். பெரிய மாதா கோயில், எங்கள் ஜனம். அங்கே நான் பெரும்பான்மை. அதற்கடுத்து காயல்பட்டினம். என் நண்பன் அங்கேதான் ஏறுவான். ஆள் மெக்கானிக்கல். அவன் ஊர்த் தெருக்களில் அவன்தான் பெரும்பான்மை, நான் விருந்தாளி. ஆறுமுகநேரி தாண்டினால் ரெண்டு பேருமே சிறுபான்மை. அரை மணி நேரத்துக்குள்ளே இத்தனை மாற்றம்! நானும் மாறவில்லை, அவனும் மாறவில்லை. பஸ் மட்டும்தான் நகர்ந்தது.

சிவில் மாணவர்களுக்கு இது ஈஸியாகப் புரியும். லெவலிங் பிராக்டிக்கலில் வெயிலில் ஸ்டாஃப் பிடித்துக்கொண்டு நின்றோமே, ஞாபகம் இருக்கா? டேட்டத்தை மாற்றினால் அதே புள்ளியோட ஆர்.எல். மாறும். புள்ளி அங்கேயேதான் இருக்கும். மேடு என்பதும் பள்ளம் என்பதும் எங்கிருந்து அளக்கிறோம் என்பதைப் பொறுத்தது. பெரும்பான்மை, சிறுபான்மை என்பதும் அப்படித்தான். அது ரத்தத்தில் இல்லை, கோடு எங்கே போட்டிருக்கிறது என்பதில் இருக்கு.

சரி, இதுக்கும் தலைப்பில் இருக்கிற முத்துக்கும் என்ன சம்பந்தம்? இனி சரித்திரம்.

எங்கள் கரைக்கு முத்துக்குளித்துறை என்று பெயர். காயல் துறைமுகத்தையும் இந்தக் கடலில் முத்துக் குளிப்பதையும் பற்றி 13-ஆம் நூற்றாண்டிலேயே மார்க்கோ போலோ எழுதியிருக்கிறார். அரபுக் குதிரை இங்கே இறங்கியது, முத்து இங்கிருந்து ஏறியது. கடலுக்குள் முங்கிச் சிப்பி எடுக்கிறவர்களில் பெரும்பாலோர் பரதவர். வியாபாரமும் கப்பலும் பெரும்பாலும் முஸ்லிம்கள் கையில். 16-ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் சலாபத்தின் மேல் கை அவர்களுடையதுதான். (சலாபம் என்றால் முத்துக்குளிப்பு நடக்கிற சீசன். இப்போ நம்ம ஆட்களுக்கே இந்த வார்த்தை மறந்துபோச்சு.)

மேல் கை இருக்கிறவனுக்கும் கீழ்க் கை இருக்கிறவனுக்கும் உரசல் வராமல் இருக்குமா? 1530-களில் பெரிய சண்டை மூண்டது. ஒரு தகராறில் ஒரு பரதவரின் காதைக் கடுக்கனோடு சேர்த்து அறுத்துவிட்டார்கள், அதில்தான் நெருப்புப் பற்றியது என்று எங்கள் பக்கம் கதை சொல்வார்கள். கதை எப்படியோ போகட்டும். ரெண்டு பக்கமும் ரத்தம் சிந்தியது, ரெண்டு பக்கமும் பிணம் விழுந்தது.

அப்போது கொச்சியில் இருந்தவர்கள் போர்த்துகீசியர்கள். எங்கள் முன்னோர்களின் தூதுக்குழு ஒன்று அவர்களைத் தேடிப் போய்ப் பாதுகாப்புக் கேட்டது. 1535-லிருந்து 1537-க்குள் ஏறக்குறைய 20,000 பரதவர்கள் ஞானஸ்நானம் பெற்றார்கள். அந்த வம்சத்தில் வந்தவன்தான் நான். அந்த விசுவாசம் இன்று எங்களுக்கு உயிர். அதில் எனக்குச் சந்தேகமும் இல்லை, வெட்கமும் இல்லை. ஆனால் அது தொடங்கிய இடத்தில் ஒரு சண்டையும் இருந்தது என்பதை மறைப்பானேன்?

மறுபக்கம் மரைக்காயர்கள் சும்மா இருப்பார்களா? அவர்களும் கள்ளிக்கோட்டைப் பக்கத்து மரைக்காயர்களின் கப்பல் பலத்தோடு மோதினார்கள். 1538-ல் மண்டபத்துக்குப் பக்கத்தில் வேதாளையில் போர்த்துகீசியர் அந்தப் படையைத் தோற்கடித்தார்கள். அதற்குப் பிறகு தராசு அப்படியே தலைகீழ். நேற்று மேலே இருந்தவர்கள் கீழே. கடலில் கப்பல் விட வேண்டுமென்றால் போர்த்துகீசியரிடம் சீட்டு வாங்க வேண்டிய நிலைமை.

அப்போ பரதவர்கள் ஜெயித்துவிட்டார்கள் என்று அர்த்தமா? அதுதான் இல்லை, நண்பர்களே! 1542-ல் இந்தக் கரைக்கு வந்த புனித பிரான்சிஸ் சவேரியாரே, போர்த்துகீசிய அதிகாரி கிறிஸ்தவர்களுக்குச் செய்கிற அநியாயத்தைக் கண்டித்துத் தன் கடிதங்களில் எழுதியிருக்கிறார். காப்பாற்ற வந்தவனே கறந்தான். பிறகு 1658-ல் டச்சுக்காரர்கள் தூத்துக்குடியைப் பிடித்தார்கள். அவர்களும் கிறிஸ்தவர்கள்தானே, சொந்தக்காரன் மாதிரி நடப்பார்கள் என்று நினைத்தால் ஏமாற்றம். கத்தோலிக்கக் குருக்களை விரட்டினார்கள், கோயில்களைப் பறித்தார்கள். கிறிஸ்தவ ஆட்சியின் கீழேயே கிறிஸ்தவன் சிறுபான்மை! கடைசியில் 1825-ல் தூத்துக்குடி நிரந்தரமாக ஆங்கிலேயர் கைக்குப் போனது.

இப்போது கேளுங்கள்: முத்து யாருக்குப் போச்சு? குளித்த பரதவருக்கா? கப்பல் விட்ட மரைக்காயருக்கா? ஊர் ரெண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்று நம்ம பாட்டிமார் சும்மாவா சொன்னார்கள்? கூத்தாடி ஒருவர் போனார், இன்னொருவர் வந்தார். கொண்டாட்டம் மட்டும் நிற்கவில்லை. 1961-ல் நடந்ததுதான் கடைசிச் சலாபம். அதற்குப் பிறகு முத்துக்குளிப்பே இல்லை. ஏறக்குறைய ஐந்நூறு வருஷத்துக்கு முன் எதற்காக வெட்டிக்கொண்டார்களோ அந்தப் பொருளே போய்விட்டது. பக்கத்து வீடு மட்டும் அப்படியே இருக்கிறது.

இதெல்லாம் பழைய கதை, இப்போ எதுக்கு என்று கேட்பீர்கள். சொல்கிறேன்.

எங்கள் கடலுக்கு அந்தப் பக்கம் இலங்கை. அங்கேயும் கிறிஸ்தவர்கள், முஸ்லிம்கள் ரெண்டு பேரும் சிறுபான்மை. கூட்டினாலும் நூற்றுக்கு இருபது வராது. 2019 ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறு. கொழும்பு கொச்சிக்கடை அந்தோனியார் கோயில், நீர்கொழும்பு கட்டுவாப்பிட்டி செபஸ்தியார் கோயில், மட்டக்களப்பு சீயோன் கோயில், பெரிய ஹோட்டல்கள்... தற்கொலைக் குண்டு வெடித்து 250-க்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். செய்தவர்கள் இஸ்லாத்தின் பேரைச் சொல்லிக்கொண்ட ஒரு தீவிரவாதக் கும்பல். அந்தக் கும்பலின் தலைவனைப் பற்றி அந்த ஊர் முஸ்லிம்களே முன்கூட்டியே அதிகாரிகளிடம் புகார் கொடுத்திருந்தார்கள். குண்டு வைத்தவர்களின் உடலை அடக்க மாட்டோம் என்று முஸ்லிம் மார்க்க அறிஞர்களின் சபையே அறிவித்தது.

நீர்கொழும்பு கத்தோலிக்கர் நிறைந்த ஊர். அங்கே அன்று இரவு ஒரு முஸ்லிம் குடும்பம் எப்படித் தூங்கியிருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். நாட்டில் இருவரும் சிறுபான்மை, அந்த ஊரில் அவர்கள் மட்டும் சிறுபான்மை. கர்தினால் மால்கம் ரஞ்சித், முஸ்லிம்கள் மேல் கை வைக்காதீர்கள் என்று பகிரங்கமாகக் கேட்டுக்கொண்டார். பிள்ளைகளைப் பறிகொடுத்த ஜனத்திடம் அப்படிச் சொல்வது லேசான காரியம் இல்லை. ஆனாலும் மே மாதம் வடமேற்கு மாகாணத்தில் மசூதிகளும் கடைகளும் தாக்கப்பட்டன. ஒரு முஸ்லிம் கொல்லப்பட்டார். இரண்டு சிறியவர்களுக்கு நடுவே ரத்தம் விழுந்ததும் மூன்றாவது கூட்டம் ஒன்று கிளம்பிவிட்டது. மறுபடியும் அதே கூத்தாடி!

அந்தச் சமயம் எனக்குப் பள்ளிக்கூடம் லீவு. எங்கள் ஊர் ஆட்களின் போனில் வாட்ஸ்அப் செய்தி வந்து குவிந்தது. 'இனி அவங்க கடையில் வாங்காதே, பகிர்ந்துகொள்.' எங்கள் ஊரில் 'அவங்க கடை' என்றால் ஒன்றே ஒன்றுதான். காயல்பட்டினத்திலிருந்து வந்து துணி விற்கிற ஒரு காக்காவின் கடை. திருவிழாவுக்குக் கடனாகத் துணி கொடுப்பார், மீன்பாடு வந்த பிறகு காசு வாங்கிக்கொள்வார். ரெண்டு நாள் அந்தக் கடையில் கூட்டமே இல்லை. யாரும் அவரைத் திட்டவில்லை, அடிக்கவில்லை. தெருவில் போகிறவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனார்கள், அவ்வளவுதான். ஆனால் ஊரே முகத்தைத் திருப்பினால் ஒரு மனுஷன் எங்கே பார்ப்பான்?

மூன்றாம் நாள் என் தாத்தா சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். எண்பது வயசு. 1961 சலாபத்தில் முங்கியவர். கடைக்கு முன்னால் போய் பெஞ்சில் உட்கார்ந்தார். "காக்கா, ஒரு சாரம் எடுங்க" என்றார். பிறகு எல்லார் காதிலும் விழுகிற மாதிரி ஒரு கதை சொன்னார்.

குளியாளி காலில் கல்லை மாட்டிக்கொண்டு கீழே போவான். எட்டுப் பாகம் ஆழம். மூச்சு முட்டும்போது கயிற்றை ஒரு இழுப்பு இழுப்பான். மேலே தோணியில் நிற்கிறவன் உடனே தூக்க வேண்டும். கொஞ்சம் கண் அசந்தாலும் ஆள் போச்சு. அதனால் மச்சான், மாமன் என்று சொந்தக்காரனைத்தான் கயிறு பிடிக்கவைப்பது வழக்கம். ஒரு நாள் தாத்தாவுக்குக் கயிறு பிடிக்கிற மச்சானுக்குக் காய்ச்சல். தோணியில் இருந்த ஒரு முஸ்லிம் குளியாளி, "நீ போ, நான் பிடிக்கேன்" என்றாராம். தாத்தா முங்கினார். அடுத்த முறை அவர் முங்கினார், தாத்தா கயிறு பிடித்தார். அன்றைக்குப் பூரா மாறி மாறி.

"ஏல, கீழ போனவனுக்கு மேல நிக்கவன்தான்டா சாமி. அவன் என்ன சாமி கும்பிடுதான்னா பாக்க முடியும்? இன்னைக்கு நாம மேல நிக்கோம். கயித்த விட்டுறாதிய" என்றார் தாத்தா. சாரத்தை வாங்கிக்கொண்டு நடந்து வந்துவிட்டார். மறுநாள் அந்தக் கடையில் நாலு பேர் இருந்தார்கள். அதற்கு மறுநாள் பத்துப் பேர்.

ஊர் ஒரே நாளில் திருந்திவிட்டது என்று கதை விடமாட்டேன். அந்தச் செய்தியை அனுப்பினவர்களில் சிலர் இன்னும் அந்த மாதிரிச் செய்தி அனுப்பிக்கொண்டுதான் இருக்கிறார்கள். என் நண்பனிடம் கேட்டால், அவன் பக்கமும் அதே மாதிரி எங்களைப் பற்றி வருகிறதாம்! "ரெண்டையும் எழுதுறவன் ஒரே ஆளா இருப்பான் போல மாப்ள, ஸ்பெல்லிங் மிஸ்டேக் கூட ஒண்ணா இருக்கு" என்று சிரித்தான். நானும் சிரித்தேன். யோசித்துப் பார்த்தால் சிரிக்கிற விஷயம் இல்லை.

தாத்தா சொன்ன கயிற்றுக் கணக்குத்தான் எனக்குச் சரி என்று படுகிறது. சிறுபான்மை என்கிற முறையில் நமக்கு உரிமை வேண்டும், பாதுகாப்பு வேண்டும் என்று கேட்கிறோம். கேட்க வேண்டியதுதான், அரசியல் சட்டம் கொடுத்தது அது. ஆனால் நம்ம தெருவில், நம்ம ஊரில் நாம் பெரும்பான்மையாக இருக்கும்போது அங்கே இருக்கிற ஒற்றைக் கடைக்காரனுக்கு என்ன கொடுக்கிறோம்? வேறு இடத்தில் நமக்கு வேண்டும் என்று கேட்கிறதை இங்கே நாம் கொடுக்கிறோமா? ஒரு சமூகத்தின் யோக்கியதையை அது கீழே இருக்கும்போது போடுகிற கூச்சலில் அளக்க முடியாது. கயிறு கையில் இருக்கும்போது என்ன செய்கிறது என்பதில்தான் அளக்க வேண்டும்.

இது மதத்தோடு முடிகிற விஷயமும் இல்லை. நம்ம யூனியன் எலெக்‌ஷனையே எடுத்துக்கொள்ளுங்கள். 'ஹாஸ்டல் ஓட்டு எத்தனை, டே-ஸ்காலர் ஓட்டு எத்தனை, நம்மாளு ஓட்டு எத்தனை' என்று நோட்டில் கோடு கிழித்துக் கணக்குப் போட்டார்களா இல்லையா? தலையை எண்ணுகிற இடத்தில் தலைக்குள் இருக்கிறதை யாரும் கேட்பதில்லை. கேன்டீனில் டீ சரியில்லை, லேபில் லேத் மெஷின் ரெண்டு ஓடவில்லை. இதற்கு எந்த மதம், எந்த ஜாதி? நம்மாளு ஜெயித்தானா என்று பார்த்துக்கொண்டு இருந்தால், டீ அப்படியேதான் இருக்கும்.

இன்னும் சில மாதத்தில் நாம் டிப்ளமோவை வாங்கிக்கொண்டு பிரியப் போகிறோம். ஒருத்தன் சென்னை, ஒருத்தன் ஓசூர், பாதிப் பேர் துபாய், கத்தார் என்று கனவு. என் காயல் நண்பன் பெங்களூரில் ஒரு கம்பெனிக்குப் போவான், அங்கே வாடகைக்கு வீடு கேட்கும்போது அவன் பேரைக் கேட்டதும் கதவு சாத்தப்படலாம். நான் வளைகுடாவுக்குப் போவேன், அங்கே ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு எங்கே போவது என்று விசாரிக்கிற ஆளாக இருப்பேன். பஸ் நகர்ந்துகொண்டே இருக்கும், டேட்டம் மாறிக்கொண்டே இருக்கும். எந்த ஸ்டாப்பில் நாம் மேலே, எந்த ஸ்டாப்பில் கீழே என்று நமக்கே தெரியாது.

ஆகவே தோழர்களே, கயிறு யார் கையில் இருந்தாலும் பிடி தளர வேண்டாம். முங்கியிருக்கிறவன் இழுத்தால் உடனே தூக்குவோம். பேர் அப்புறம் கேட்டுக்கொள்ளலாம்!

- மூன்றாமாண்டு சிவில் மாணவன்